ஓவன் இல்லாமல் செய்யும் சாக்லேட் பிஸ்கட் உருண்டையில் மேல்பூச்சு ஏன் வெடிக்கிறது? மதுரை வெயிலுக்கு எந்த சாக்லேட் சரிப்படும்?

பூச்சு வெடிப்பது பெரும்பாலும் ஃப்ரீசரால்தான். கல் மாதிரி உறைந்த உருண்டையை முக்கினால் மேலே சாக்லேட் சட்டென்று இறுகிவிடும். பிறகு உள்ளே குளிர் விட்டுப் பருக்கும்போது ஓடு கீறிக்கொள்ளும். ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் முக்கால் மணி நேரம் வைத்தாலே போதும்.

அளவு: கிரீம் பிஸ்கட் 300 கிராம், கிரீமோடு சேர்த்து ஈரமில்லாத மிக்ஸி ஜாரில் மாவாகப் பொடியுங்கள். குருணை நின்றால் உருண்டையில் வெடிப்பு விடும். கண்டென்ஸ்டு மில்க் 110 கிராம் வரை பிடிக்கும். மொத்தமாகக் கொட்டாமல் கரண்டி கரண்டியாக விடுங்கள். ரவா லட்டு பிடிக்கிற மாதிரி அழுத்தினால் நிற்க வேண்டும், உள்ளங்கையில் ஒட்டக் கூடாது. தளர்ந்துவிட்டால் இரண்டு பிஸ்கட்டைப் பொடித்துச் சேருங்கள். 20 கிராம் எடையில் 20 உருண்டை வரும். மாரி பிஸ்கட்டில் கொழுப்பு குறைவு, அதற்கு 50 கிராம் வெண்ணெயும் கூடுதல் கண்டென்ஸ்டு மில்க்கும் வேண்டும்.

அசல் சாக்லேட்டில் இருக்கும் கோகோ வெண்ணெய் 34 டிகிரி வாக்கில் உருகிவிடும். கத்திரி வெயிலில் நம்மூர் வீட்டுக்குள்ளேயே அதைத் தாண்டும். அதனால் கோகோ வெண்ணெய்க்குப் பதில் வேறு தாவரக் கொழுப்பில் செய்யும் டார்க் காம்பவுண்ட் 250 கிராம் வாங்குங்கள். பேக்கரிச் சாமான் கடையில் கட்டியாகக் கிடைக்கும். ருசி ஒரு படி குறைவுதான், ஆனால் உருக்கி, அளவாக ஆற்றிப் பதப்படுத்தும் (டெம்பரிங்) வேலை இல்லாமல் தானே இறுகும்.

நறுக்கிய கட்டியைக் கொதிநீர்ப் பாத்திரத்தின் மேல், கிண்ணத்தின் அடி தண்ணீரில் படாமல் வைத்து உருக்குங்கள். முக்கால்வாசி இளகியதும் இறக்கிக் கிளறினால் மீதி தானே கரையும். ஒரு சொட்டுத் தண்ணீர் விழுந்தாலும் திரிந்து களிம்பு மாதிரி ஆகிவிடும். கெட்டியாக இருந்தால் பாலோ தண்ணீரோ வேண்டவே வேண்டாம், ஒரு டீஸ்பூன் ரீஃபைண்ட் எண்ணெய் விடுங்கள்.

உருண்டைகளை ஐந்தைந்தாக மட்டும் வெளியே எடுங்கள். எல்லாவற்றையும் எடுத்து வைத்தால் மேலே வியர்க்கும், அந்த ஈரம் சாக்லேட்டில் கலக்கும். முள்கரண்டியில் ஏந்தி முக்கி, கிண்ண விளிம்பில் நாலு தட்டு தட்டி, கரண்டியின் அடியை வழித்துவிட்டு பட்டர் பேப்பரில் இறக்குங்கள். வழிக்காமல் வைத்தால் உருண்டையைச் சுற்றி சாக்லேட் தேங்கிப் பாவாடை மாதிரி விரிந்துவிடும்.

காற்றுப் புகாத டப்பாவில் ஃப்ரிட்ஜில் ஒரு வாரம் இருக்கும். காம்பவுண்டும் உச்சி வெயிலில் குழையத்தான் செய்யும், பரிமாறும்போது எடுத்தால் போதும்.