3% ஸ்விங்னா எத்தனை சீட் கைமாறும்? மார்ஜின் வச்சு கணக்கு போடுறது எப்படி

வாசகர் கேள்வி: போன லோக்சபா ரிசல்ட்ட தொகுதி வாரியா எக்செல்ல போட்டு வச்சிருக்கேன் சார். ஆளுங்கட்சிக்கு எதிரா 3% ஸ்விங் இருக்குன்னு ஒரு சர்வே வந்தா, 3 சதவீதத்துக்கு கம்மியான மார்ஜின்ல அவங்க ஜெயிச்ச தொகுதி எல்லாம் போயிடும்னு எண்ணிக்கலாமா? இப்படி நானே சீட் கணிச்சா எவ்வளவு தூரம் நம்பலாம்?

பதில்: எண்ணிக்கலாம், ஆனா 3க்கு கீழ இல்ல, 6க்கு கீழ. புதுசா கணக்கு போடுறவங்க நிறைய பேர் மொதல்ல சறுக்குறது இங்க தான், அதனால இதையே கொஞ்சம் விலாவாரியா பாத்துடுவோம்.

ஸ்விங்னு சொல்றது ஒரு கட்சி இழந்த சதவீதத்துக்கும் எதிர்க்கட்சி கூட வாங்கின சதவீதத்துக்கும் சராசரி. ஒரு ஓட்டு ஏ கிட்ட இருந்து பி கிட்ட போச்சுன்னா ஏக்கு ஒண்ணு குறையுது, பிக்கு ஒண்ணு கூடுது, ஆக ரெண்டு பேருக்கும் நடுவுல இருக்குற வித்தியாசத்துல ரெண்டு போயிடுது. 10 லட்சம் ஓட்டு பதிவான ஒரு தொகுதில ஏ 4,60,000 பி 4,10,000 வாங்கிருக்காங்கன்னு வைங்க, மார்ஜின் 50,000, அதாவது 5%. இதுல 25,001 பேர் மனசு மாறி அந்தப் பக்கம் போனா பி ரெண்டு ஓட்டுல ஜெயிச்சிருவாரு. அப்ப 5% மார்ஜின் தொகுதி கவுறதுக்கு ரெண்டரை சதவீத ஸ்விங் போதும். சர்வேல சில பேர் 'ஸ்விங் 3%'னு சொல்லிட்டு உண்மையில ஆளுங்கட்சியோட ஓட்டு மட்டும் 3 கொறஞ்சதை சொல்லுவாங்க, எதிர்க்கட்சிக்கு எவ்வளவு கூடுச்சுன்னு சொல்லவே மாட்டாங்க, அந்த மாதிரி நம்பரை வாங்கி அப்படியே ஷீட்ல போட்டா மொத்த கணக்கும் தப்பாயிடும். ரெண்டு பக்க நம்பரும் இருக்கான்னு பாத்துட்டு எடுங்க.

இன்னொண்ணு, மார்ஜினை ஓட்டு எண்ணிக்கையில வச்சிக்காதீங்க, சதவீதமா மாத்திக்கோங்க. 2019ல சிதம்பரத்துல திருமாவளவன் ஜெயிச்சது 3,219 ஓட்டுல, பதிவான ஓட்டோட ஒப்பிட்டா அது கால் சதவீதம் சொச்சம் தான். ஆனா லட்சத்தீவுல மொத்த வாக்காளரே 60,000 பேருக்குள்ள தான், அங்க இதைவிட கம்மி ஓட்டு வித்தியாசம் கூட 5 சதவீதத்தைத் தாண்டிரும்.

சதவீதம் ஆக்கியாச்சா, இப்ப ஆளுங்கட்சி ஜெயிச்ச தொகுதிய மட்டும் தனியா எடுத்து சின்ன மார்ஜின்ல இருந்து பெரிய மார்ஜின் வரைக்கும் வரிசைப்படுத்துங்க, பக்கத்து நெடுவரிசையில மார்ஜினைப் பாதியாக்கி எழுதுங்க. ஒருத்தருக்கு 300 சீட் இருக்கு, மெஜாரிட்டிக்கு 272 வேணும்னா, மேல இருந்து 29வது வரியில இருக்குற தொகுதி தான் முக்கியம், அது போச்சுன்னா 271. அந்த 29வது தொகுதியோட பாதி மார்ஜின் எவ்வளவோ அது தான் 'மெஜாரிட்டி போக தேவைப்படுற ஸ்விங்'. ஆஸ்திரேலியாவுல மால்கம் மக்கெராஸ்ங்கற தேர்தல் ஆய்வாளர் 1970கள்ல இருந்து இதைப் படமாவே போட்டு பிரபலமாக்குனாரு, இடது பக்கம் ஒரு கட்சி சீட், வலது பக்கம் இன்னொரு கட்சி சீட், கீழ சின்ன மார்ஜின் மேல பெரிய மார்ஜின், பெண்டுலம்னே அதுக்குப் பேரு. அங்க வாக்காளர் வேட்பாளர்களை 1, 2, 3னு வரிசைப்படுத்தி ஓட்டு போடுறாங்க, அந்த ரெண்டாவது விருப்ப ஓட்டெல்லாம் பிரிச்சு கடைசியில ரெண்டு கட்சி கணக்கா கொண்டுவந்துடுறதால அந்தப் படம் நல்லாவே ஒத்துப்போகுது.

எல்லா தொகுதியிலயும் ஒரே மாதிரி 3% நகருமான்னு நீங்க கேக்கலாம். நகராது, ஒரு எடத்துல 1 இருக்கும் ஒரு எடத்துல 6 இருக்கும். ஆனா கணக்குப்படி போகணும்னு இருந்த சில தொகுதி தப்பிச்சுக்கும், தப்பிக்கணும்னு இருந்த சில தொகுதி போயிடும், ரெண்டும் ஒண்ணுக்கொண்ணு கழிஞ்சு மொத்த எண்ணிக்கை கிட்டத்தட்ட சரியா வந்துரும். ரெண்டாம் உலகப் போருக்கு அப்புறம் பிரிட்டன்ல டேவிட் பட்லர்ங்கற தேர்தல் ஆய்வாளரால இந்த ஸ்விங் கணக்கை வச்சு தேர்தல் ராத்திரியே விளக்கம் சொல்ல முடிஞ்சதுன்னா அங்க அப்ப ரெண்டே பெரிய கட்சி, நாடு முழுக்க அலை ஏறக்குறைய ஒரே அளவுல அடிச்சது, அதனால தான்.

நம்ம ஊர்ல அந்த ரெண்டுமே கிடையாதுங்கறது தான் பிரச்சனை. 2019ல பாஜகவுக்கு நாடு முழுக்க 37.4% ஓட்டு, 303 சீட். 2024ல 36.6%, 240 சீட். ஓட்டு ஒரு சதவீதம் கூட கொறையல, ஆனா 63 சீட் போச்சு. நீங்க தேசிய அளவுல ஒரே நம்பரை எடுத்து உங்க ஷீட்ல ஓட்டியிருந்தா இவ்வளவு பெரிய அடி தெரிஞ்சிருக்கவே தெரிஞ்சிருக்காது. என்ன நடந்துச்சுன்னா, உத்தரப்பிரதேசத்துல அவங்க ஓட்டு கிட்டத்தட்ட 50ல இருந்து 41க்கு இறங்குச்சு, சீட் 62ல இருந்து 33 ஆச்சு. அதே நேரம் தமிழ்நாட்டுல 2019ல 5 தொகுதியில மட்டும் நின்னவங்க 2024ல 23ல நின்னாங்க, ஓட்டு 3.7ல இருந்து 11 சதவீதத்துக்கு மேல போச்சு, சீட் அப்பவும் பூஜ்யம் இப்பவும் பூஜ்யம். இந்த மாதிரி எடத்துல ஏறின ஓட்டு உ.பி.ல இறங்கின ஓட்டை தேசிய சராசரிக்குள்ள மறைச்சிடுச்சு. அதனால முதல் விதியா இதை வச்சுக்கோங்க: இந்தியாவுல ஸ்விங்கை மாநிலம் மாநிலமா போடணும், ஒரு கட்சி புதுசா நிறைய தொகுதியில நின்னதால ஏறின ஓட்டை ஸ்விங்னு எடுத்துக்கவே கூடாது.

ரெண்டாவது சிக்கல் கூட்டணி, இது இன்னும் மோசம். தமிழ்நாட்டையே பாருங்க. 2019ல திமுக கூட்டணிக்கு 53% அளவுக்கு ஓட்டு, 39ல 38 ஜெயிச்சாங்க, தேனி மட்டும் போச்சு. 2024ல அவங்க ஓட்டு 47% கிட்ட இறங்கிடுச்சு, ஆறு பாயிண்ட் போயிருக்கு, சாதாரண ஸ்விங் கணக்கு போடுறவன் 'அய்யோ எத்தனை சீட் போகப் போகுதோ'ன்னு எழுதியிருப்பான், ஆனா வந்தது 39க்கு 39. ஏன்னா 2019ல ஒண்ணா நின்ன அதிமுகவும் பாஜகவும் 2024ல பிரிஞ்சு நின்னு, ஒரு பக்கம் 23% இன்னொரு பக்கம் 18%னு ஓட்டைப் பிரிச்சுக்கிட்டாங்க. ஜெயிச்சவங்களோட ஓட்டு கொறஞ்சது, ரெண்டாவது வந்தவங்களோட ஓட்டு அதைவிட அதிகமா கொறஞ்சது, அதனால லீட் கொறையாம கொஞ்சம் கூடவே செஞ்சது. சீட்டைத் தீர்மானிக்கிறது மொத இடத்துக்கும் ரெண்டாம் இடத்துக்கும் உள்ள இடைவெளி, மொத இடத்தோட ஓட்டு மட்டும் இல்ல. இதே கதை தலைகீழா 2004ல நடந்துச்சு, காங்கிரஸோட ஓட்டு 1999ல 28.3%, 2004ல 26.5%, ஆனா சீட் 114ல இருந்து 145 ஆச்சு, தமிழ்நாடு மாதிரி எடங்கள்ல கூட்டணி மாறினது தான் பெரிய காரணம். 'எதிர்க்கட்சி ஒற்றுமை குறியீடு'ன்னு தேர்தல் ஆய்வாளர் பிரணாய் ராயும் மேல சொன்ன பட்லரும் 80கள்ல ஒரு அளவு வச்சிருந்தாங்க, எதிர்ப்பு ஓட்டு மொத்தத்துல பெரிய எதிர்க்கட்சி கையில எத்தனை சதவீதம் இருக்குன்னு பாக்குறது, ஸ்விங்கோட சேத்து இதையும் பாக்கணும்ங்கறது அவங்க வாதம், இன்னைக்கும் அது செல்லும்.

அதனால உங்க ஷீட்ல செய்ய வேண்டியது என்னன்னா, பழைய தேர்தல் ஓட்டை இப்போதைய கூட்டணிப்படி முதல்ல மாத்தி எழுதுங்க. யார் யாரோட சேந்திருக்காங்களோ அவங்க பழைய ஓட்டைக் கூட்டுங்க, பிரிஞ்சவங்களோடதைக் கழிங்க. இங்கயும் ஒரு ஜாக்கிரதை, கூட்டினது அப்படியே வந்து சேராது. உ.பி.ல 2014ல சமாஜ்வாதியும் பகுஜனும் தனித்தனியா வாங்கினதைக் கூட்டினா 42%, 2019ல ரெண்டும் கூட்டணி போட்டு நின்னப்ப வந்தது 37.5% தான், 80ல ரெண்டு பேரும் சேந்து ஜெயிச்சது 15. இது முழுக்க ஓட்டு மாறாததால மட்டும்னு சொல்ல முடியாது, அந்த வருஷ அலையும் சேந்தது. ஆனாலும் சின்ன பார்ட்னரோட ஓட்டுல முழுசா 100% வரும்னு போடாம ஒரு தடவை 70, ஒரு தடவை 90னு ரெண்டு மூணு விதமா போட்டுப் பாருங்க, சீட் எண்ணிக்கை எவ்வளவு ஆடுதுன்னு தெரியும். ரொம்ப ஆடுச்சுன்னா உங்க கணிப்பு சர்வேயை நம்பி இல்ல, இந்த ஒரு யூகத்தை நம்பித்தான் நிக்குதுன்னு அர்த்தம், அதை வெளிப்படையா எழுதிடுங்க.

மும்முனைப் போட்டி இருக்குற மாநிலத்துல அந்தப் பாதி மார்ஜின் கணக்கையே விட்டுடுங்க. ஒவ்வொரு கட்சிக்கும் மாநில அளவுல எத்தனை பாயிண்ட் ஏறுது இறங்குதுன்னு எடுத்து, தொகுதியில அந்தந்த கட்சியோட பழைய சதவீதத்தோட கூட்டிக் கழிச்சு, கடைசியில யார் மேல இருக்கான்னு பாருங்க, அவ்வளவு தான். ரெண்டாம் இடத்துல இருந்தவரு தான் ஜெயிப்பாருன்னு இல்ல, மூணாவது இருந்தவரு கூட மேல வரலாம்.

இதுல ஒரு விசித்திரம் வரும். ஒரு கட்சி 20 பாயிண்ட் இறங்குதுன்னு வைங்க, சில தொகுதியில அவங்க பழைய ஓட்டே 15 தான், அப்ப மைனஸ் 5னு வந்து நிக்கும். பிரிட்டன்ல 2024ல இதே தான் ஆச்சு, கன்சர்வேட்டிவ் கட்சி 43.6ல இருந்து 23.7க்கு விழுந்துச்சு, பழைய பலம் எங்க அதிகமோ அங்க தான் அதிகமா விழுந்தாங்க. பெரிய சரிவுன்னு தெரிஞ்சா கழிக்கிறதுக்கு பதிலா விகிதத்துல பெருக்குங்க, 40 பாதியானா 20, 15 பாதியானா ஏழரை. சின்ன மாற்றத்துக்கு கழிச்சல் போதும். நான் ரெண்டையும் போட்டு சராசரி எடுக்குற ஆளு, அதுல பெரிய தத்துவம் ஒண்ணும் இல்ல. அதே தேர்தல்ல லேபர் கட்சி 33.7% வாங்கி 411 சீட் ஜெயிச்சாங்க, அஞ்சு வருஷத்துக்கு முன்னாடி 32.1%க்கு 202 தான். ஒன்றரை பாயிண்ட்டுக்கு இத்தனை சீட்டான்னு வாயைப் பிளக்க வேண்டாம், எதிர்ல இருந்தவங்க 20 பாயிண்ட் விழுந்ததையும் சேத்து ஸ்விங் போட்டா 10 சதவீதத்துக்கு மேல வருது.

எவ்வளவு நம்பலாம்னு கேட்டீங்க இல்லையா, அதுக்கு வரேன். தொகுதியை 'ஜெயிக்கும், தோக்கும்'னு ரெண்டா வெட்டுறதை நிறுத்துங்க. ஸ்விங் போட்ட அப்புறம் ஒரு தொகுதியில லீட் 0.4%, இன்னொண்ணுல 12%னு வந்தா ரெண்டுக்கும் ஒரே ஒண்ணு போடுறது நியாயமே இல்ல. தொகுதிக்கு தொகுதி ஸ்விங் 3 பாயிண்ட் அளவுக்கு சிதறும்னு வச்சுக்கிட்டா (இது யூகம் தான், உங்க மாநிலத்தோட பழைய ரெண்டு தேர்தலை வச்சு நீங்களே அளந்துக்கலாம்) லீட் 6 பாயிண்ட் அளவுக்கு சிதறும், அப்ப கணிப்புல 6 பாயிண்ட் முன்னாடி இருக்குறவருக்கு ஜெயிக்க 84% வாய்ப்பு, 12 முன்னாடி இருந்தா 98 கிட்ட, சமமா இருந்தா 50. எக்செல்ல நார்மல் டிஸ்ட்ரிபியூஷன் ஃபார்முலா இருக்கு, லீட்டை 6ஆல வகுத்து அதுல போட்டா வந்துரும். அந்த வாய்ப்பை எல்லாம் கூட்டுனா வர்றது தான் உங்க சீட் கணிப்பு, முழு எண்ணா வராது, 14.3னு வந்தா அப்படியே விடுங்க.

ஆனா இதுல தொகுதியோட சிதறல் மட்டும் தான் அடங்கிருக்கு, சர்வேயோட தப்பு அடங்கல. சர்வே ஒரு கட்சியை 2 பாயிண்ட் கூட காட்டி எதிர்க்கட்சியை 2 பாயிண்ட் கொறைச்சு காட்டினா லீட்ல 4 பாயிண்ட் தப்பு, அதுவும் எல்லா தொகுதியிலயும் ஒரே பக்கமா, அதனால ஒண்ணுக்கொண்ணு கழிஞ்சு போகாது, 4 பாயிண்ட்டுக்கு கம்மியான லீட்ல நின்ன எல்லாமே ஒரே ராத்திரியில காலியாகும். 2024ல எக்ஸிட் போல் பல பேர் தேசிய ஜனநாயக கூட்டணிக்கு 350க்கு மேல கொடுத்தாங்க, வந்தது 293. அதனால சர்வே நம்பரை ரெண்டு பாயிண்ட் மேல ரெண்டு பாயிண்ட் கீழ நகத்தி மூணு தடவை ஓட்டுங்க, அந்த மூணுக்கும் நடுவுல உள்ள இடைவெளியைச் சேத்து சொல்லுங்க. ஒத்தை நம்பரா '287'னு சொல்றவரைப் பாத்தா எனக்கு ஜோசியக்காரர் ஞாபகம் தான் வருது.

இலங்கை வாசகர்கள் யாராச்சும் இதை முயற்சி பண்ணப் போறீங்கன்னா வேண்டாம், அங்க 225ல 196 மாவட்ட விகிதாசாரத்துல போகுது, மிச்சம் 29 தேசியப் பட்டியல், தொகுதி மார்ஜின்னு ஒண்ணு சீட்டைத் தீர்மானிக்கிறதே இல்ல. மாவட்ட ஓட்டு சதவீதம், 5% வரம்பு, மொத இடத்துக்கு ஒரு போனஸ் சீட்னு வேற மாதிரி ஷீட் போடணும்.

உங்க ஷீட்டை அடுத்த தேர்தலுக்கு நம்புறதுக்கு முன்னாடி ஒண்ணு செஞ்சு பாருங்க. 2019 தொகுதி ரிசல்ட்டை எடுத்துக்கோங்க, 2024ல ஒவ்வொரு மாநிலத்துலயும் ஒவ்வொரு கட்சிக்கும் உண்மையில எவ்வளவு ஏறி இறங்குச்சோ அதை சர்வே மாதிரி உள்ள கொடுங்க, கூட்டணியையும் 2024 மாதிரி மாத்திக்கோங்க. அசாமையும் ஜம்மு காஷ்மீரையும் மட்டும் விட்டுடுங்க, நடுவுல அங்க தொகுதி எல்லை மாத்திட்டாங்க. ஷீட் சொல்ற சீட்டையும் உண்மையில வந்ததையும் மாநிலம் வாரியா பக்கத்துல பக்கத்துல வச்சுப் பாருங்க. சர்வே துல்லியமா இருந்தாக்கூட உங்க முறை எவ்வளவு பிசகும்ங்கறது அந்த வித்தியாசம் தான், எந்த மாநிலத்துல அது ரொம்ப பெருசா வருதோ அங்க எந்தக் கூட்டணி யூகம் தப்பா இருக்குன்னு முதல்ல போய் தோண்டுங்க.