மழை பெய்தால் முற்றத்தில் இறங்க மறுக்கும் நாய்க்குட்டி

கேள்வி: தக்கலை அருகே வசிக்கிறோம். எங்கள் பத்து வார நாட்டு நாய்க்குட்டி, முற்றத்தில் அரை மணி நேரம் விட்டாலும் சும்மா நின்றுவிட்டு, உள்ளே வந்ததும் முன்னறையில் சிறுநீர் கழிக்கிறது. மழை பெய்தால் வெளியே இறங்குவதே இல்லை. அதன் மூக்கைச் சிறுநீரில் தேய்த்து அடித்தால் திருந்தும் என்கிறார் மாமியார். என்ன செய்யலாம்?

பதில்: அடிப்பதும் மூக்கைத் தேய்ப்பதும் அறவே வேண்டாம். தவறு நடந்து சில நொடிகள் கடந்துவிட்டாலே, எதற்காக அடி விழுகிறது என்பது குட்டிக்குப் புரியாது. மனிதர் பார்க்கும்போது சிறுநீர் கழித்தால் ஆபத்து என்பதை மட்டுமே அது கற்றுக்கொள்ளும். அடிபட்ட குட்டிகள் கட்டிலுக்கு அடியில் ஒதுங்குவதும், நாம் உடன் நிற்கும்போது முற்றத்திலும் அடக்கிக்கொள்வதும் இதனால்தான்.

இந்த வயதில் இரண்டு, மூன்று மணி நேரத்துக்கு மேல் அடக்கும் திறன் குட்டிக்கு இருக்காது; விளையாடும் வேளையில் அதுவும் இருக்காது. ஆகவே தூங்கி விழித்ததும், விளையாடி முடித்ததும், உணவுக்குப் பின் ஐந்து முதல் முப்பது நிமிடங்களுக்குள்ளும், இரவில் ஒரு முறையும், கழுத்துப்பட்டையில் கயிறு கட்டி ஒரே இடத்துக்கு அழைத்துச் செல்லுங்கள். பேசாமல், விளையாட்டுக் காட்டாமல் பத்து நிமிடம் நில்லுங்கள். ஒன்றும் நடக்கவில்லையென்றால் உள்ளே கொண்டுவந்து அவிழ்த்து விடாமல், மடியிலோ உங்கள் அருகில் கட்டியோ வைத்திருந்து, பதினைந்து நிமிடத்தில் மறுபடியும் அழைத்துச் செல்லுங்கள். உங்கள் வீட்டில் விடுபட்டிருப்பது இந்தப் பதினைந்து நிமிடக் காவல்தான். வெளியே கழித்தவுடன், அந்த இடத்திலேயே, முள் நீக்கிய அவித்த மீனில் ஒரு சிறு துண்டு கொடுங்கள். அதைக் கொடுக்கும் பொறுப்பை மாமியாரிடமே ஒப்படைத்தால், வீட்டில் எல்லோரும் ஒரே முறையைப் பின்பற்றுவது எளிதாகும்.

மழையைப் பொறுத்தவரை, ஜூன் முதல் செப்டம்பர் வரை தென்மேற்குப் பருவமழையும், அதைத் தொடர்ந்து டிசம்பர் வரை வடகிழக்குப் பருவமழையும் பெறும் குமரி மாவட்டத்தில், வானம் வெளுக்கட்டும் என்று காத்திருக்க முடியாது. குட்டி தன் கழிப்பிடத்தைப் பாதத்துக்குப் படும் தரையாலும் வாசனையாலும்தான் அடையாளம் காண்கிறது. டைல்ஸ் தரையில் பழகிவிட்டால் டைல்ஸையே தேடும். எனவே விறகுப்புரையிலோ கார் நிறுத்தும் கூரைக்கடியிலோ நனையாத ஒரு மூலையில் முற்றத்து மண்ணை நான்கு விரல் உயரத்துக்குப் பரப்பி, அதன் சிறுநீரைத் துடைத்த துணியை முதல் சில நாட்கள் அங்கே போட்டு வையுங்கள். தேங்காய்நார்க் கழிவு நம் ஊரில் எளிதாகக் கிடைக்கும் என்றாலும் அதைப் பரப்ப வேண்டாம். குட்டி அதைத் தின்றால் குடலில் அடைப்பு ஏற்படலாம்.

வீட்டுக்குள் கழித்த இடத்தில் பழைய வாசனை மிஞ்சினால் குட்டி அங்கேயே திரும்ப வரும். பினாயில் அந்த வாசனையை மறைக்குமே தவிர நீக்காது, குட்டியின் பாதத்துக்கும் நல்லதல்ல. பிளீச்சிங் பவுடர் சிறுநீருடன் கலந்தால் நச்சு வாயு உண்டாகும். சோப்புநீரால் கழுவி, வினிகரும் நீரும் சம அளவில் கலந்து துடையுங்கள். பளிங்குத் தரையில் மட்டும் வினிகர் கூடாது.

தடுப்பூசித் தவணைகள் முடியும் வரை, அதாவது ஏறத்தாழ பதினாறு வாரம் வரை, பார்வோ என்னும் கொடிய வைரஸ் தொற்று அபாயம் இருப்பதால் தெருவுக்கு அழைத்துச் செல்லாமல் சொந்த முற்றத்திலேயே பழக்குங்கள். தரை நனைகிறதே என்று குடிதண்ணீரைக் குறைக்காதீர்கள். அடிக்கடி சொட்டுச் சொட்டாகப் போனாலோ, சிறுநீரில் இரத்தம் தெரிந்தாலோ அது பழக்கக் குறை அல்ல. தாமதிக்காமல் கால்நடை மருத்துவரிடம் காட்டுங்கள்.