கறுப்பரா, லத்தீன்காரரா என்று கேட்ட தம்பிக்கு

தம்பி, நியூயார்க்கில் வேலை கிடைத்திருக்கிறது, வாஷிங்டன் ஹைட்ஸ் பக்கம் வாடகை கட்டுப்படியாகிறது, ஆனால் அங்கே நிறைய பேர் பார்க்க ஆப்பிரிக்க வம்சாவளி மாதிரி இருக்கிறார்கள், பேசுவதோ ஸ்பானிஷ், இவர்களைக் கறுப்பர் என்று எடுத்துக்கொள்வதா லத்தீன்காரர், அதாவது லத்தீன் அமெரிக்க வம்சாவளி என்றா, அங்கே போகாதே என்று சித்தப்பா வேறு சொல்கிறார் என்று எழுதியிருந்தீர்கள். இந்தப் பகுதியிலேயே இரண்டு பிள்ளைகளை வளர்த்து ஆளாக்கியவள் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

முதல் கேள்விக்குப் பதில், இரண்டும்தான். ஒருவரே கறுப்பராகவும் லத்தீன்காரராகவும் இருக்கலாம், இங்கே லட்சக்கணக்கானவர்கள் அப்படித்தான் இருக்கிறார்கள். நமக்கு இது குழப்புவதற்குக் காரணம், அமெரிக்கக் கறுப்பர் என்றால் ஆங்கிலம் பேசுபவர் என்று சினிமா பார்த்துப் பழகிவிட்டோம். அடிமைக் கப்பல்களில் ஆப்பிரிக்காவிலிருந்து ஏற்றப்பட்டவர்கள் சுமார் 1.25 கோடி பேர். அதில் இன்றைய அமெரிக்க நாட்டுக்கு நேராக வந்திறங்கியவர்கள் ஏறக்குறைய 4 லட்சம் பேர்தான். உயிரோடு கரை சேர்ந்த மற்றவர்களில் மிகப் பெரும்பாலோர் போனது பிரேசிலுக்கும் கரீபியன் தீவுகளுக்கும் தென் அமெரிக்காவுக்கும். உங்கள் வருங்கால அக்கம்பக்கத்தாரில் நிறைய பேருக்குப் பூர்விகம் டொமினிக்கன் குடியரசு, ஹைட்டியோடு ஒரே கரீபியன் தீவைப் பங்கிட்டுக்கொள்கிற நாடு. அந்தத் தீவில் 1500களின் தொடக்கத்திலேயே ஆப்பிரிக்கர்களைக் கொண்டுவந்து கரும்புத் தோட்டத்தில் வேலை வாங்க ஆரம்பித்துவிட்டார்கள். 1520களில், கொலம்பஸின் மகன் டியேகோவுடைய தோட்டத்திலேயே அடிமைகள் கிளர்ந்தெழுந்தார்கள். அமெரிக்கா என்று ஒரு நாடு உருவாவதற்கு இரண்டரை நூற்றாண்டு முந்தைய கதை இது.

அந்த ஆப்பிரிக்கா இன்னும் இவர்கள் சமையலறையில் இருக்கிறது. எங்கள் கட்டடத்தில் ஞாயிற்றுக்கிழமை காலையில் மாடிப்படி முழுக்க மங்கூ வாசனைதான். பச்சை வாழைக்காயை உப்புப் போட்டு வேகவைத்து, வெந்த தண்ணீரையே கொஞ்சம் விட்டு வெண்ணெயோடு மசித்து, வினிகரில் ஊறிய சிவப்பு வெங்காயத்தை மேலே போட்டு, பக்கத்தில் பொரித்த பாலாடைக்கட்டி, முட்டை, சலாமி வைத்துச் சாப்பிடுவார்கள். வேகவைத்து இடித்து உண்கிற மேற்கு ஆப்பிரிக்க வழக்கத்தின் தொடர்ச்சி அது. நீங்கள் சைவம் என்றால் முட்டையும் சலாமியும் வேண்டாம் என்று சொன்னால் போதும், யாரும் முகம் சுளிக்க மாட்டார்கள்.

இப்போது கவனமாகக் கேளுங்கள். டொமினிக்கன் பெரியவர் ஒருவரிடம் போய் "நீங்கள் கறுப்பர்தானே" என்று கேட்டுவிடாதீர்கள். உங்களைவிடக் கறுப்பாக இருப்பார், ஆனால் இல்லை என்பார், சில பேருக்குக் கோபமே வரும். அறியாமை என்று அதை ஒதுக்குவது தப்பு, அதன் பின்னால் ஒரு அரசாங்கமே இருந்திருக்கிறது. 1930 முதல் 1961 வரை அந்த நாட்டைப் பிடித்து வைத்திருந்த சர்வாதிகாரி த்ருஹியோ, கறுப்பு என்றால் பக்கத்து ஹைட்டிக்காரன், நாம் வேறு என்று பள்ளிக்கூடத்திலிருந்தே ஊட்டினார். 1937 அக்டோபரில் எல்லைப் பகுதியில் ஆயிரக்கணக்கான ஹைட்டியரை ராணுவத்தை விட்டுக் கொல்ல வைத்தார். அடையாள அட்டையில் கறுப்பு, மாநிறக்காரர்களைக்கூட 'இந்தியோ', அதாவது பழங்குடி நிறம் என்று எழுதுகிற வழக்கம் அவருக்குப் பிறகும் நீடித்தது. 2013-இல் அந்நாட்டு அரசியல் சாசன நீதிமன்றம் தந்த தீர்ப்பால், அங்கேயே பிறந்து வளர்ந்த ஹைட்டி வம்சாவளியினர் பல்லாயிரம் பேர் குடியுரிமை இல்லாமல் நின்றார்கள். இப்படி வளர்ந்த தலைமுறை சட்டென்று வேறு மாதிரி பேச வேண்டும் என்று நாம் எதிர்பார்க்க முடியாது.

பிள்ளைகள் மாறிவிட்டார்கள். எங்கள் மேல்மாடி அம்மா சனிக்கிழமை தவறாமல் சலூனுக்குப் போய், ரோலர் சுற்றி, சூட்டுக் கூண்டுக்குள் ஒரு மணி நேரம் உட்கார்ந்து, அப்புறம் டிரையரால் இழுத்து இழுத்து முடியை நேராக்கிக்கொண்டு வருவார். அவர் மகள் காலேஜ் போனதும் அதை நிறுத்திவிட்டாள், சுருட்டை முடியை அப்படியே விட்டு 'ஆப்ரோ-லத்தீனா', அதாவது ஆப்பிரிக்க வழி லத்தீன் பெண் என்று சொல்லிக்கொள்கிறாள். அம்மாவுக்குத் தீராத வருத்தம், இந்தத் தலையோடு யார் வேலை கொடுப்பார்கள் என்று படிக்கட்டில் நின்று என்னிடமே புலம்பினார். எனக்கு அது நன்றாகவே புரிந்தது. "பொண்ணு நல்ல பொண்ணு, கலர்தான் கொஞ்சம் கம்மி" என்கிற பேச்சைக் கேட்டு வளர்ந்தவள் நான். சித்தப்பா சொல்வதிலும் அந்தக் கலர்க்கணக்கு எவ்வளவு இருக்கிறது என்று யோசித்துப் பாருங்கள்.

இரண்டில் ஒன்றைச் சொல் என்று கேட்பது இங்கே அரசாங்கம் வரைக்கும் உண்டு. 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு வரை ஹிஸ்பானிக்கா, அதாவது ஸ்பானிஷ் பேசும் நாடுகளின் வம்சாவளியா என்பது ஒரு கேள்வி, இனம் என்ன என்பது தனிக் கேள்வி. 2024-இல் இரண்டையும் ஒரே கேள்வியாக்க முடிவு செய்தார்கள். ஒன்றுக்கு மேல் டிக் அடிக்கலாம்தான், ஆனாலும் கறுப்பும் லத்தீனும் வேறு வேறு ஆட்கள் என்பதுபோல் ஆகி தங்கள் கணக்கு குறைந்துவிடும் என்று ஆப்ரோ-லத்தீன் அமைப்புகள் எதிர்த்தன. அவர்கள் பயம் நியாயமானது என்றுதான் நினைக்கிறேன். பியூ ஆய்வு மையத்தின் கணக்குப்படி இந்த நாட்டில் வயதுவந்த ஆப்ரோ-லத்தீன் மக்கள் சுமார் 60 லட்சம், அவர்களில் ஏழில் ஒருவர் தன்னை ஹிஸ்பானிக் என்றே குறிப்பதில்லை.

வந்ததும் ஒரு சனிக்கிழமை ஹார்லெமில் 135-ஆம் தெருவுக்குப் போங்கள். ஷோம்பர்க் மையம் அங்கேதான், நகர நூலகத்தின் கிளை. ஆர்தூரோ ஷோம்பர்க் 1874-இல் புவேர்ட்டோ ரிக்கோவில் பிறந்தவர், 1891-இல் இங்கே வந்தார், ஒரு வங்கியில் தபால் பிரிவில் வேலை பார்த்துக்கொண்டே உலகம் முழுவதும் ஆப்பிரிக்க வம்சாவளியினர் எழுதியதையெல்லாம் தேடித் தேடிச் சேர்த்தார். 1926-இல் நூலகம் அந்தச் சேகரிப்பை வாங்கியது. அமெரிக்கக் கறுப்பர் வரலாற்றுக்கே ஆதாரமான ஓர் இடத்தைத் தந்தவர் ஸ்பானிஷ் பேசி வளர்ந்தவர், இதைத் தெரிந்துகொண்டாலே உங்கள் கேள்வியில் பாதி தீர்ந்துவிடும்.

எல்லாரையும் டொமினிக்கன் என்றும் நினைத்துவிடாதீர்கள். பனாமாக்காரர், கியூபாக்காரர் இருப்பார்கள். இதே நகரத்தின் இன்னொரு பகுதியான பிராங்க்ஸில் கரிஃபுனா மக்கள் நிறைய. ஆப்பிரிக்கரும் கரீபியப் பழங்குடிகளும் கலந்த இனம், தனி மொழி, 1797-இல் செயின்ட் வின்சென்ட் தீவிலிருந்து ஆங்கிலேயர்கள் நாடுகடத்தியதால் ஹோண்டுராஸ் கரைக்கு வந்தவர்கள். 1990-இல் பிராங்க்ஸில் ஹாப்பி லேண்ட் கிளப் தீயில் இறந்த 87 பேரில் பலர் அவர்கள்தான்.

வீட்டு விஷயத்துக்கு வருகிறேன். நிறத்தை விட்டுவிட்டுக் கட்டடத்தைப் பாருங்கள். சூடு ஒழுங்காக வருகிறதா, 'சூப்பர்' என்கிற கட்டடப் பராமரிப்பாளர் கூப்பிட்டால் வருகிறாரா, இரவு பத்து மணிக்கு ரயிலடியிலிருந்து நடந்து பார்த்தால் எப்படி இருக்கிறது என்று குடியிருப்பவர்களிடமே கேளுங்கள். உங்களிடமும் ஸ்பானிஷில்தான் பேச ஆரம்பிப்பார்கள், நம் நிறத்தையும் முகவெட்டையும் பார்த்துத் தங்கள் ஆள் என்று நினைப்பது சகஜம். லிஃப்டுக்குள் நுழையும்போது வணக்கம் மாதிரி 'புவேனாஸ்' என்று சொல்லிவிடுங்கள், சொல்லாமல் நிற்பது இங்கே மரியாதைக் குறைவு. பழகியபின் எந்த ஊர் என்று கேட்கலாம். சான் பெத்ரோ தெ மக்கோரிஸ் என்றால் பேஸ்பால் பற்றிப் பேச்சை எடுங்கள், அந்த ஊர் ஆட்டக்காரர்களின் பெயர்களை அவர்களே வரிசையாகச் சொல்ல ஆரம்பித்துவிடுவார்கள்.