தட்டை மீனெல்லாம் புளூகில் இல்லை

கேள்வி: ஒஹாயோவில் மகன் வீட்டுக்கு வந்திருக்கிறேன். பேரன் ஏரியில் பிடிக்கும் உள்ளங்கை அளவுத் தட்டை மீன்களை எல்லாம் ‘புளூகில்’ என்கிறான். எனக்கு அவை ஒரே மீனாகத் தெரியவில்லை. எப்படிப் பிரித்தறிவது?

பதில்: உங்கள் சந்தேகம் நியாயமானதுதான், அம்மா. நிறத்தை மட்டும் நம்பாதீர்கள். முட்டையிடும் பருவத்தில் ஆண் மீன்கள் மாப்பிள்ளைக் கோலத்தில் இருக்கும். நான் முதலில் பார்ப்பது செவுள் மூடியின் நுனியில் காது போல நீளும் மடலைத்தான். அது முழுக்கக் கறுப்பாகவும், முதுகுத் துடுப்பின் பின்கோடியில் மை தீற்றியது போல ஒரு கறையும் இருந்தால் புளூகில். மடல் நுனியில் சிவப்புப் பொட்டும், கன்னத்தில் நெளிநெளியாக நீலக் கோடுகளும் இருந்தால் பம்ப்கின்சீட். சிவப்பு விளிம்பு உண்டு, கன்னத்தில் கோடு இல்லை என்றால் ரெட்இயர். தொண்டைப் பற்களால் நத்தை ஓட்டையே நொறுக்கித் தின்னும் ஆசாமி.

வாய் பெரிதாக, கண்ணுக்குக் கீழ் வரை போனால் கிரீன் சன்ஃபிஷ். இது புளூகில்லோடு கலந்து கலப்பினமும் பிறக்கும். அப்போது அனுபவசாலிகளே திணறுவார்கள், பேரனைக் குறை சொல்லாதீர்கள்.

வெள்ளிநிற உடம்பில் கறுப்புப் புள்ளிகள் இருந்தால் கிராப்பி. முதுகுத் துடுப்பில் உள்ள கூர்முட்களை எண்ணுங்கள்: 7 அல்லது 8 என்றால் கறுப்பு கிராப்பி, 6 என்றால் பெரும்பாலும் வெள்ளை கிராப்பி. முள் சுருக்கென்று குத்தும். கையை நனைத்துக்கொண்டு, தலையிலிருந்து வால் பக்கமாகத் தடவிப் பிடியுங்கள்.

அப்புறம், ஒஹாயோவில் 16 வயதுக்குக் கீழே லைசென்ஸ் வேண்டாம். நீங்கள் தூண்டில் போட்டால் வேண்டும்.