மலிவு ரூனுக்குக் கடவுச்சொல்லைத் தரலாமா?

கேள்வி: ஏழாம் வகுப்புப் படிக்கும் என் மகனும் நானும் மூன்று வாரங்களாக, டிராகன்கள் சேகரிக்கும் மீனையும் மரத்தையும் கொண்டு ஒரு கிராமத்தை வளர்க்கும் ‘டிராகன்ஸ்: ரைஸ் ஆஃப் பெர்க்’ என்னும் விளையாட்டை என் ஆண்ட்ராய்டு கைப்பேசியில் ஆடி வருகிறோம். எப்போது பார்த்தாலும் மீன் தட்டுப்பாடு, கிராமமும் வளரவில்லை. வாட்ஸ்அப் குழு ஒன்றில் ஒருவர் 500 ரூபாய்க்கு 10,000 ரூன் (விளையாட்டுக்குள் செலவழிக்கும் நாணயம்) ஏற்றித் தருவதாகச் சொன்னார். 200 ரூபாயை யுபிஐ வழியாக முன்பணமாக அனுப்பிவிட்டேன். இப்போது விளையாட்டோடு இணைத்திருக்கும் என் முகநூல் கணக்கின் கடவுச்சொல்லைக் கேட்கிறார். தரலாமா? விளையாட்டில் நாங்கள் எங்கே தவறு செய்கிறோம்? – வாசகி, பாளையங்கோட்டை

பதில்: தராதீர்கள். மீதி 300 ரூபாயையும் அனுப்பாதீர்கள். அவரோடு நடந்த உரையாடலை மட்டும் அழித்துவிடாமல் வைத்திருங்கள். அதற்கு வேலை இருக்கிறது, பிறகு சொல்கிறேன்.

இந்த விளையாட்டு 2014-ஆம் ஆண்டு வெளிவந்தது. கனடாவின் மாண்ட்ரியல் நகரில் உள்ள லூடியா நிறுவனம் உருவாக்கியது. அந்நிறுவனத்தை 2021-இல் ஜாம் சிட்டி என்னும் மற்றொரு விளையாட்டு நிறுவனம் வாங்கியது. உங்களிடம் எத்தனை ரூன் இருக்கிறது என்ற கணக்கு உங்கள் கைப்பேசியில் இல்லை, அந்த நிறுவனத்தின் கணினியில் இருக்கிறது என்பதை மட்டும் மனத்தில் வைத்துக்கொண்டால் போதும், மற்ற நுட்பங்கள் உங்களுக்குத் தேவையில்லை. பாஸ்புக்கில் நாமே பேனாவால் ஒரு பூஜ்யத்தைச் சேர்த்து எழுதிக்கொண்டால் வங்கியில் பணம் கூடிவிடாது அல்லவா? ‘அளவில்லா ரூன்’ என்று சொல்லிப் பரப்பப்படும் மாற்றியமைக்கப்பட்ட செயலிகள் செய்வது அந்தப் பேனா வேலையைத்தான். அவற்றைப் பிளே ஸ்டோருக்கு வெளியிலிருந்து ஏபிகே கோப்பாக, அதாவது செயலியை நேரடியாக நிறுவும் கோப்பாக, இறக்கி நிறுவும்போது குறுஞ்செய்திகளைப் படிக்கவும் திரையைக் கட்டுப்படுத்தவும் அனுமதி கேட்கக்கூடும். அந்த அனுமதியைக் கொடுத்தால் உங்கள் வங்கி அனுப்பும் ஓடிபியை உங்களுக்கு முன்பாக வேறொருவர் படித்துவிடுவார். மகனிடம் இதை அச்சுறுத்தலாகச் சொல்லாமல், அவனுக்குப் புரியும்படி ஒருமுறை உட்கார்ந்து விளக்கிவிடுங்கள். இந்த வயதுப் பிள்ளைகள்தான் அந்தக் கோப்புகளைத் தேடி இறக்குகிறார்கள்.

ரூன் விற்பவர்களிடம் உண்மையிலேயே ரூன் இருந்தால் அது எப்படி வந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். திருடப்பட்ட கடன் அட்டையால் வாங்கியிருக்கலாம். அல்லது முறையாக வாங்கிவிட்டு, ‘இதை நான் வாங்கவே இல்லை’ என்று பொய்ப் புகார் கொடுத்துப் பணத்தைத் திரும்பப் பெறும் எண்ணம் இருக்கலாம். இரண்டிலும் சில வாரங்கள் கழித்துப் பணம் பின்வாங்கப்படும்; நிறுவனம் ரூனைப் பறிக்கும், கணக்கையும் முடக்கக்கூடும். விற்றவர் அதற்குள் வேறு குழுவுக்குப் போயிருப்பார், நீங்களும் உங்கள் மகனும் மூன்று வாரம் வளர்த்த கிராமம்தான் போகும். ஆனால் உங்களிடம் பேசியவர் இந்த இரு வகையிலும் சேராதவர் என்றே நினைக்கிறேன். அவருக்கு வேண்டியது உங்கள் முகநூல் கணக்கு. அது கிடைத்த அன்றே உங்கள் பெயரில் உறவினர்களிடம் ‘அவசரம், 5,000 ரூபாய் அனுப்புங்கள்’ என்று செய்தி போகும். இதே வழியில் கணக்கை இழந்த ஒரு குடும்பத்துக்கு நான் உதவ முயன்றிருக்கிறேன். அவர்களுடைய பெரியப்பா இரண்டு முறை பணம் அனுப்பிய பிறகுதான் செய்தியே வெளியில் தெரிந்தது.

வெளியாள் யாரிடமும் எதையும் வாங்காதீர்கள் என்பது என் உறுதியான கருத்து. இதற்கு விலக்கு ஒன்றே ஒன்றுதான். அதைப் பலரும் தவறாகப் புரிந்துகொண்டு ஏமாறுவதால் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். கூகுள் பிளேயின் பரிசுக் குறியீடு, அதாவது ரீசார்ஜ் கோடு, முறையான கடைகளிலும் பணப் பரிமாற்றச் செயலிகளிலும் விற்கப்படுகிறது. அதை நீங்கள் வாங்கலாம். ஆனால் அதில் இருப்பது ரூன் அன்று, பணம். குறியீட்டைப் பிளே ஸ்டோரில் நீங்களே உள்ளிட்டால் அந்தத் தொகை உங்கள் கூகுள் கணக்கில் இருப்பாக நிற்கும். அந்த இருப்பைக் கொண்டு விளையாட்டுக்குள்ளேயே, விளையாட்டின் சொந்தக் கடையில், ரூன் வாங்க வேண்டும். இடையில் எந்த மனிதருக்கும் வேலை இல்லை, கடவுச்சொல்லுக்கும் வேலை இல்லை. ‘குறியீட்டின் படத்தை எனக்கு அனுப்புங்கள், நான் ஏற்றித் தருகிறேன்’ என்று ஒருவர் சொன்னால் அந்த நொடியில் பேச்சை முடித்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் குறியீடு பணத்தாள் போன்றது, யார் முதலில் உள்ளிடுகிறாரோ அவருக்கே அது சொந்தம். இந்தியக் கணக்குக்கு இந்தியாவுக்கான குறியீடுதான் செல்லும். வெளிநாட்டுக் குறியீடு மலிவாகக் கிடைக்கிறது என்று யாராவது சொன்னாலும் வாங்காதீர்கள். இந்த முறையில் ஒரு தாய்க்குக் கிடைக்கும் பெரிய நன்மையும் உண்டு. பிளே ஸ்டோரிலிருந்து உங்கள் அட்டையையும் யுபிஐயையும் நீக்கிவிட்டு, மாதத்துக்கு 100 ரூபாய்க் குறியீடு ஒன்றை மட்டும் ஏற்றி வைத்தால், பையன் எத்தனை பொத்தானை அழுத்தினாலும் 100 ரூபாய்க்கு மேல் ஒரு காசும் போகாது.

இனி மீனுக்கு வருவோம். உங்கள் தட்டுப்பாட்டுக்குக் காரணம் ரூன் இல்லாதது அன்று, டிராகன்களை நேரம் பார்த்து வேலை வாங்காததுதான். ஒவ்வொரு டிராகனுக்கும் மீனோ மரமோ சேகரித்து முடிக்க ஒரு கால அளவு உண்டு. முடித்த பிறகு நீங்கள் தொட்டு எடுக்கும் வரையில் அது சும்மா இருக்கும். புதிதாக ஆடுகிறவர்கள் விரைவில் திரும்பும் டிராகனே நல்லது என்று நினைத்து அதையே வளர்க்கிறார்கள். ஓர் எடுத்துக்காட்டுக்கு, ஒரு டிராகன் 10 நிமிடத்தில் 100 மீனும் மற்றொன்று 6 மணி நேரத்தில் 600 மீனும் கொண்டுவருவதாக வைத்துக்கொள்ளுங்கள். கைப்பேசியை விடாமல் கையில் வைத்திருப்பவருக்கு முதலாவது ஒரு மணி நேரத்திலேயே 600 மீன் தந்துவிடும். ஆனால் காலையில் ஒருமுறை, இரவில் ஒருமுறை என்று நாளுக்கு இரண்டு தடவை மட்டும் திறந்து பார்க்கும் வீட்டில் முதலாவது ஒரு நாளில் தருவது 200 மீன், இரண்டாவது தருவது 1,200 மீன். பள்ளிக்குப் போகும் பிள்ளையும் வேலைக்குப் போகும் தாயும் ஆடும் கிராமத்துக்கு எது வேண்டும் என்பது இந்தக் கணக்கிலேயே தெரிகிறது. டிராகனைத் தேர்ந்தெடுக்கும்போது அது எவ்வளவு கொண்டுவரும் என்பதோடு எவ்வளவு நேரம் எடுக்கும் என்பதையும் சேர்த்துப் பாருங்கள். அழகையும் பெயரையும் பார்க்காதீர்கள்.

இரண்டாவது தவறு, கிடைத்த டிராகன் முட்டையை எல்லாம் பொரித்துக்கொண்டே போவது. புதுக்குஞ்சு வரும்போது பிள்ளைக்கு ஏற்படும் மகிழ்ச்சி எனக்கும் புரிகிறது. ஆனால் பத்து டிராகன்களையும் கீழ்நிலையிலேயே வைத்திருப்பதைவிட நான்கைத் தேர்ந்தெடுத்து, இரண்டை மீனுக்கும் இரண்டை மரத்துக்கும் என்று ஒதுக்கி, அகாடமியில் தொடர்ந்து பயிற்சி கொடுத்து நிலை உயர்த்துவதே உங்கள் நிலைமைக்கு ஏற்றது. நிலை உயர உயர வரவும் உயரும், பயிற்சி நேரமும் நீளும். பயிற்சியில் இருக்கும் டிராகன் அந்த நேரத்தில் சேகரிக்கப் போகாது என்பதால், அதிகம் மீன் தரும் டிராகனைப் பகலில் அகாடமிக்குள் அனுப்பிவிட்டு மீனில்லை என்று கவலைப்படுவதில் பொருளில்லை. அதன் வரவை இரவில் எடுத்துவிட்டு, அதற்குப் பின் அனுப்புங்கள். அகாடமியை மட்டும் காலியாக விடாதீர்கள்.

புதிய டிராகன்களைத் தேடிக் கொண்டுவருவது விளையாட்டின் நாயகன் ஹிக்கப்பும் அவனுடைய டிராகன் டூத்லெஸும். எந்த இடத்தில் எது கிடைக்கலாம் என்பதைப் பார்த்து, தூங்கப் போகுமுன் நீண்ட நேரம் ஆகும் தேடலுக்கு அவர்களை அனுப்புங்கள். குறுகிய தேடல்கள் மாலை நேரத்துக்கு இருக்கட்டும். பெரிய மண்டபத்திலும் மற்ற இடங்களிலும் தரப்படும் பணிகளை வரிசையாக முடித்து வாருங்கள், இலவச ரூன் அங்கிருந்தும் வருகிறது. அப்படி வரும் ரூனைக் காத்திருப்பு நேரத்தைக் குறைப்பதற்கு ஒருபோதும் செலவழிக்காதீர்கள். மீதமுள்ள நேரம் குறையக் குறைய அந்தப் பொத்தானின் விலையும் குறையும், கொஞ்சம் பொறுத்தால் ஒன்றுமே கொடுக்க வேண்டியதில்லை.

அந்தப் பொத்தானைப் பற்றிப் பேசும்போதுதான் எனக்கு ஆத்திரம் வருகிறது. காத்திருக்கத் தெரியாத வயதில் இருக்கும் பிள்ளையின் விரலுக்கு எட்டும் இடத்தில், பளபளப்பாக, அதை வைக்கிறார்கள். செயலிகளை விற்கும் இணையக் கடைகளும் இதற்குத் துணைபோயின. கடவுச்சொல்லை ஒருமுறை இட்டால் ஆப்பிள் கைப்பேசியில் 15 நிமிடமும் கூகுளில் 30 நிமிடமும் மறுபடி கேட்காமலே வாங்க முடிந்த காலம் ஒன்று இருந்தது. பெற்றோர் ஒரு சின்னப் பொருளுக்கு அனுமதி கொடுத்துவிட்டு நகர்ந்ததும், குழந்தைகள் அந்த இடைவெளியில் பெருந்தொகைகளைச் செலவழித்தார்கள். நுகர்வோரைப் பாதுகாக்கும் அமெரிக்க அரசு அமைப்பான ஃபெடரல் டிரேட் கமிஷன் தலையிட்ட பிறகே 2014-இல் ஆப்பிள் குறைந்தது 3.25 கோடி டாலரையும் கூகுள் குறைந்தது 1.9 கோடி டாலரையும் வாடிக்கையாளர்களுக்குத் திருப்பித் தர ஒப்புக்கொண்டன. ரூன் கொடுத்து வாங்கும் பொதிகளுக்குள் எந்த டிராகன் இருக்கும் என்பது பிரித்த பிறகே தெரியும் என்ற சீட்டுக்குலுக்கல் முறையும் அதே வகைதான். பெல்ஜியத்தின் சூதாட்ட ஆணையம் இத்தகைய பொதிகள் சிலவற்றைச் சூதாட்டம் என்றே 2018-இல் அறிவித்தது. பொதியில் எது கிடைக்க எவ்வளவு வாய்ப்பு என்ற விகிதத்தை வெளியிட வேண்டும் என்று ஆப்பிள் 2017 டிசம்பரில் விதி கொண்டுவந்தது உண்மைதான். ஆனால் எத்தனை தாய்மார் அந்த எண்ணைத் தேடிப் பிடித்துப் படிக்க முடியும்? அரிய டிராகன் வேண்டும் என்று பையன் கேட்டால் பொதியை வாங்கித் தராதீர்கள்.

பிளே ஸ்டோரின் அமைப்புகளுக்குள் சென்று, ஒவ்வொரு வாங்குதலுக்கும் சரிபார்ப்புத் தேவை என்பதைத் தேர்ந்தெடுத்து, அது உங்கள் விரல் ரேகையோடு மட்டும் இயங்கும்படி செய்யுங்கள். மகனின் விரல் ரேகை அந்தக் கைப்பேசியில் பதிவாகியிருந்தால் நீக்கிவிடுங்கள். தவறுதலாக ஏதேனும் வாங்கிவிட்டால் 48 மணி நேரத்துக்குள் கூகுளிடமே பணத்தைத் திரும்பக் கேட்கலாம். அதன் பிறகு விளையாட்டு நிறுவனத்திடம் போகச் சொல்வார்கள், நிறுவனம் கடையிடம் போகச் சொல்லும். இரு பக்கமும் பதில் எழுதுவது பெரும்பாலும் இயந்திரம், அதுவும் ஆங்கிலத்தில். தமிழில் மட்டும் எழுதத் தெரிந்த ஒரு பெற்றோர் இந்த ஊசலாட்டத்தில் எத்தனை நாள் நிற்க முடியும் என்று இவர்கள் யாரும் யோசித்ததாகத் தெரியவில்லை. ஆகவே அந்த 48 மணி நேரத்தைத் தவறவிடாதீர்கள்.

இனி நீங்கள் அனுப்பிய 200 ரூபாய். யுபிஐயில் நீங்களே அனுப்பிய பணத்தை நீங்களாகத் திரும்ப இழுக்க முடியாது. உங்கள் பணப் பரிமாற்றச் செயலியின் வரலாற்றைத் திறந்து, அந்தப் பரிமாற்றத்தின் 12 இலக்கக் குறிப்பு எண்ணை எழுதிக்கொள்ளுங்கள். நான் வைத்திருக்கச் சொன்ன உரையாடலை ஸ்கிரீன்ஷாட்டாக எடுத்துக்கொள்ளுங்கள். பிறகு 1930 என்ற எண்ணை அழையுங்கள், அல்லது தேசிய சைபர் குற்றப் புகார் இணையதளத்தில் பதிவு செய்யுங்கள். 200 ரூபாய்க்காகவா என்று வீட்டிலேயே யாராவது கேட்பார்கள். அந்த நபர் உங்கள் ஒருவரிடம் மட்டும் 200 ரூபாய் வாங்கவில்லை. அவருடைய யுபிஐ முகவரி பல புகார்களில் திரும்பத் திரும்ப வந்தால்தான் அந்தக் கணக்கை முடக்க வழி பிறக்கும். கடவுச்சொல்லை நீங்கள் இன்னும் தராதிருப்பது பெரிய ஆறுதல். இருந்தாலும் இன்றே அதை மாற்றி, முகநூலில் இரட்டைச் சரிபார்ப்பை, அதாவது கடவுச்சொல்லோடு இன்னொரு குறியீட்டையும் கேட்கும் முறையை, இயக்கிவிடுங்கள். விளையாட்டை முகநூலோடு இணைத்திருப்பதை நீக்க வேண்டாம், கைப்பேசி பழுதாகிப் போனால் உங்கள் கிராமம் அதன் வழியாகத் திரும்பக் கிடைக்கும்.

குழுவிலிருந்து வெளியேறுவதற்கு முன்பு, நடந்ததை இரண்டே வரியில் அங்கே எழுதிவிட்டு வெளியேறுங்கள். அதே குழுவில் உங்களைப் போலவே யாராவது 200 ரூபாய் அனுப்பிவிட்டுக் காத்திருக்கலாம்.