ஆவணப்படத்துக்குப் பழைய செய்திப்படக் காட்சிகளை யூடியூபிலிருந்து எடுத்துப் போடலாமா?

வீட்டுக் கூடத்தில் சொந்தக்காரர்களுக்குப் போட்டுக் காட்டுவதானால் போடலாம். தொலைக்காட்சிக்கோ திரைப்பட விழாவுக்கோ என்றால் வேண்டாம். யூடியூபில் ஏற்றியவரே பெரும்பாலும் எங்கிருந்தோ உருவியவர். உங்களுக்கு இது முதல் படம், கையில் காசு இல்லை என்று ஊகிக்கிறேன். நானும் அப்படி வந்தவன்தான்.

தனுஷ்கோடியை 1964 டிசம்பர் 22 இரவு அழித்த புயலைப் பற்றிய ஒரு படத்துக்குக் காட்சி தேடித் தரும் வேலை எனக்கு. தரகர் ஒருவர் (பெயர் வேண்டாம்) 'புயலுக்கு மறுநாள் எடுத்தது' என்று நாற்பது விநாடித் துண்டு ஒன்றைக் காட்டினார். கறுப்பு வெள்ளை, ஒலி இல்லை. சாய்ந்த குடிசைகள், முழங்கால் தண்ணீரில் பிள்ளையை இடுப்பில் வைத்து நடக்கும் பெண்கள். இயக்குநருக்குக் கண் கலங்கிவிட்டது. விநாடிக்கு இவ்வளவு என்று பேசி முன்பணமும் கொடுத்தாயிற்று. தரகர் முதலில் தந்தது நேரக்குறி ஓடும் மங்கலான பிரதி. நல்ல பிரதி வந்து பெரிய திரையில் ஓடியபோதுதான் இடது ஓரத்தில் நின்ற லாரியின் கதவைப் படிக்க முடிந்தது: 'தமிழ்நாடு அரசு'. மெட்ராஸ் மாநிலம் தமிழ்நாடு ஆனது 1969 ஜனவரி 14-இல்! எந்தப் புயலோ, எந்த ஊரோ. முன்பணம் போனது போனதுதான்.

ஆகவே படச்சுருள் டப்பாவில் ஒட்டிய சீட்டை நம்பாதீர்கள். பெயர்ப்பலகை, வண்டி எண், சுவரொட்டி, இவற்றை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள்.

உரிமை விஷயம்: இந்தியச் சட்டப்படி படம் வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டு தொடங்கி 60 ஆண்டுகள். 1964-இல் வெளியான செய்திப்படத்துக்கு 2024-உடன் முடிந்தது. இலவசம் என்று துள்ள வேண்டாம். ரீலை வைத்திருப்பவர் பிரதி எடுத்துத் தரக் காசு கேட்பார். நான் வழக்கறிஞன் இல்லை, சட்டம் படித்தவர்கள் சண்டைக்கு வர வேண்டாம். அரசுக்காகச் செய்திப்படம் எடுத்த பிலிம்ஸ் டிவிஷனும் புனே திரைப்பட ஆவணக் காப்பகமும் 2022-இல் என்.எஃப்.டி.சி.யோடு (தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம்) இணைக்கப்பட்டன. முதல் கடிதத்தை அங்கே எழுதுங்கள்.

'இவ்வளவு அலைய யாரால் முடியும்' என்பவர்களுக்கு: காந்தி பற்றிய ஆவணப்படத்துக்காக ஏ.கே. செட்டியார் 1930-களின் கடைசியில் பல நாடுகள் சுற்றி 50,000 அடி படச்சுருள் சேர்த்தார். இணையமா இருந்தது?

கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். அந்தத் தனுஷ்கோடிப் படத்தின் கடைசிப் பெயர்ப் பட்டியலில் டீ வாங்கி வந்த பையன் பெயர்கூட இருக்கிறது, இருக்க வேண்டியதுதான். என் பெயர் இல்லை. கேட்டேன். 'அடுத்த படத்தில் பார்த்துக்கொள்ளலாம்' என்றார்கள். அடுத்த படத்துக்கு வேறு ஆளை வைத்துக்கொண்டார்கள்.