கருவிலேயே குடல் கிழிந்தால் குழந்தைக்கு என்ன ஆகும்?

கேள்வி: நான் 30 வாரக் கர்ப்பிணி. குழந்தையின் வயிற்றில் கால்சியம் படிவும் சிறிது நீரும் தெரிவதால், கருவிலேயே குடல் கிழிந்திருக்கலாம் என்கிறார்கள். குழந்தை பிழைக்குமா? சிசேரியன் கட்டாயமா?

பதில்: பெரும்பாலான குழந்தைகள் பிழைத்துக்கொள்கிறார்கள், அந்த நம்பிக்கையோடு மேற்கொண்டு படியுங்கள். குடல் முறுக்கிக்கொள்வதாலோ, அதன் ஒரு பகுதி பிறவியிலேயே அடைபட்டிருப்பதாலோ, ரத்த ஓட்டம் தடைபடுவதாலோ கிழிசல் ஏற்பட்டு, மெக்கோனியம் எனப்படும் கரும்பச்சை நிற முதல் மலம் வயிற்றுக்குள் கசிகிறது. கருவில் இருக்கும்வரை அதில் பொதுவாகக் கிருமிகள் இல்லை என்றாலும், அதிலுள்ள செரிமானச் சுரப்புகள் வயிற்றின் உள்ளுறையைப் புண்ணாக்குகின்றன. அந்த அழற்சி ஆறும் இடங்களில் படியும் கால்சியமே ஸ்கேனில் வெண்புள்ளிகளாகத் தெரிகிறது. பல குழந்தைகளுக்குப் பிறப்பதற்கு முன்பே கிழிசல் தானாக மூடிவிடுகிறது.

ஆகவே புள்ளிகளைவிட, குடல் வீங்கியிருக்கிறதா, வயிற்றில் நீரோ நீர்க்கட்டியோ பெருகுகிறதா, பனிக்குட நீர் அதிகரிக்கிறதா என்பதையே அடுத்தடுத்த ஸ்கேன்களில் கவனிக்க வேண்டும். புள்ளிகள் மட்டும் இருந்தால் பெரும்பாலும் அறுவைச் சிகிச்சை தேவைப்படாது. உங்கள் குழந்தைக்கு நீரும் இருப்பதால் அதற்குத் தயாராக இருப்பதே நல்லது. சைட்டோமெகலோ, பார்வோ பி19 போன்ற வைரஸ் தொற்றுகளும் காரணமாகலாம் என்பதால் உங்களுக்கு ரத்தப் பரிசோதனை செய்யக்கூடும். சிஸ்டிக் ஃபைப்ரோசிஸ் என்ற மரபணு நோய் இருக்கிறதா என்பதையும் பார்ப்பார்கள்.

இதற்காக மட்டும் சிசேரியன் தேவையில்லை. குழந்தையின் வயிறு மிகவும் உப்பியிருந்தால் மருத்துவர் அதைப் பரிசீலிப்பார். பிரசவ முறையைக் காட்டிலும் பிரசவம் நடக்கும் இடம் முக்கியம் என்பேன்: குழந்தைகள் அறுவைச் சிகிச்சை நிபுணரும் பச்சிளங்குழந்தைகளுக்கான தீவிர சிகிச்சைப் பிரிவும் உள்ள மருத்துவமனையில் இப்போதே பதிவு செய்யுங்கள். பிறந்தவுடன் காற்றும் கிருமிகளும் குடலுக்குள் நுழைவதால், மூடாத கிழிசல் சில மணி நேரத்திலேயே ஆபத்தாக மாறலாம். மருத்துவர் எக்ஸ்-ரே எடுத்துப் பார்த்துச் சொல்லும்வரை பாலோ, சர்க்கரைத் தண்ணீரோ, வேறெதுவுமோ வாயில் வைக்க வேண்டாம்; வீட்டுப் பெரியவர்களிடமும் இதை முன்கூட்டியே சொல்லிவையுங்கள்.

அறுவைச் சிகிச்சையில் பழுதான பகுதியை நீக்கிக் குடலை இணைப்பார்கள், அல்லது சில வாரங்களுக்கு வயிற்றின் மேல் தற்காலிக மலவாய் வைப்பார்கள். நெடுநீளக் குடலை அகற்ற நேர்ந்தால் ஊட்டச்சத்துக் குறைபாடு நீடிக்கலாம். அறுவை இல்லாமலே வீடு திரும்பும் குழந்தைக்கும் குடல் ஒட்டிக்கொண்டு பின்னாளில் அடைப்பு வரலாம் என்பதால், பச்சை நிறத்தில் வாந்தி எடுத்தால் உடனே மருத்துவமனைக்குக் கொண்டு செல்லுங்கள். பால் தொடங்கும்போது சில துளிகளாகத்தான் தருவார்கள், அதற்குத் தாய்ப்பாலே உகந்தது. எனவே பிரசவமான முதல் சில மணி நேரத்திலிருந்தே பாலைப் பீய்ச்சிச் சேமிக்கத் தொடங்குங்கள்.